மின்னணு வாக்குப்பதிவு இயந்திரமும் சுஜாதாவும்

முன்னுரை

தமிழ்ப் புனைகதை வரலாற்றில் பெரும் வாசகர் திரளை ஈர்த்தவர் சுஜாதா என்னும் எஸ். ரங்கராஜன் (1935–2008). குரோம்பேட்டை எம்.ஐ.டி.யில் மின்னணுவியல் பயின்ற இவர், விமானப் போக்குவரத்துத் துறையிலும் பின்னர் பெங்களூர் பாரத் எலெக்ட்ரானிக்ஸ் நிறுவனத்திலும் பணியாற்றிய பொறியாளர். மின்னணு வாக்குப்பதிவு இயந்திரத்தைக் கண்டுபிடித்தவர் இவரே என்னும் கருத்து வாசகரிடையே வழங்கி வருகிறது. அதன் வரலாற்று நிலையை இக்கட்டுரை ஆராய்கிறது.

ஐதராபாத்தில் தோற்றம்

அணுசக்தித் துறையின்கீழ் 1967இல் ஐதராபாத்தில் நிறுவப்பெற்றது இந்திய மின்னணுக் கழகம் (இ.சி.ஐ.எல்.). வாக்குப்பதிவு இயந்திரத்தை உருவாக்கும் பணியைத் தேர்தல் ஆணையம் 1977இல் இக்கழகத்திடமே ஒப்படைத்தது. 1979இல் முன்மாதிரி உருவாயிற்று. 06.08.1980 அன்று அரசியல் கட்சிப் பிரதிநிதிகளுக்குச் செயல்விளக்கம் அளிக்கப்பெற்றது. அதன்பின் பெங்களூர் நிறுவனமும் ஆணையத்தின் இப்பணியில் இணைந்தது. அங்கு வடிவமைப்பையும் உற்பத்தியையும் மேற்பார்வையிட்ட பொறியாளர் சுஜாதா. ஆகவே, இதனைத் தனியொருவரின் கண்டுபிடிப்பு என்பதினும், இரு பொதுத்துறை நிறுவனங்களின் கூட்டுப்பணி என்பதே பொருந்தும்.

சட்டமும் இயந்திரமும்

கேரளத்தின் பரவூர்த் தொகுதியில் 1982இல் 50 வாக்குச்சாவடிகளில் இவ்வியந்திரம் முதன்முதலாகப் பயன்படுத்தப்பெற்றது. 123 வாக்குகளில் தோற்ற வேட்பாளர் வழக்குத் தொடுத்தார். இயந்திர வாக்குப்பதிவுக்குச் சட்டத்தில் இடமில்லை எனக் கூறிய உச்ச நீதிமன்றம், 1984இல் அச்சாவடிகளில் மறுவாக்குப்பதிவுக்கு ஆணையிட்டது. இங்கு முடிவைத் தீர்மானித்தது இயந்திரத்தின் பழுதன்று. சட்டச் சொல்லின் பொருளே ஆகும். 1988இல் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் திருத்தப்பெற்றது. 2004 மக்களவைத் தேர்தலில் நாடெங்கும் இயந்திரமே பயன்பட்டது.

புனைவில் இயந்திரம்

இயந்திரத்திற்குச் சட்ட ஏற்பு கிட்டாதிருந்த 1980களில்தான் ஆனந்த விகடனில் ‘என் இனிய இயந்திரா’ தொடராக வெளிவந்தது. ஜீவா என்னும் சர்வாதிகாரியின் ஆட்சியில் இயந்திரங்கள் குடிமக்களைக் கட்டுப்படுத்துகின்றன. அதே கதையில் ஜீனோ என்னும் இயந்திர நாய் மனிதர்க்குத் துணை நிற்கிறது. மக்களாட்சிக்கான கருவி உருவாக்கத்தில் ஈடுபட்டவரே, கருவி கொடுங்கோன்மைக்கும் துணைபோகக்கூடும் எனப் புனைவில் காட்டியுள்ளார். இயந்திரத்திற்குத் தனித்த அறம் இல்லை; ஆள்வோர் யார் என்பதே வினா என்னும் கருத்து இதனாற் பெறப்படும்.

முடிவுரை

இயந்திரம் முழுவதையும் சுஜாதாவுக்கு உரிமையாக்குவது ஐதராபாத்துப் பொறியாளர்களின் உழைப்பை மறைத்துவிடும். அவரது பொறியியற் பணியை வெறும் வாழ்க்கைக் குறிப்பாக ஒதுக்குவது அவரது புனைவின் ஒரு வேரை மறைத்துவிடும். இவ்விரண்டையும் உரிய அளவில் இணைத்துக் காண்பதே அவரது அறிவியல் புனைகதைகளை மதிப்பிடத் தக்க வழியாகும்.