விளையாட வா என்று கூப்பிட்டது யார்?



"இன்னார் உங்களை விளையாட அழைக்கிறார்" என்று முகநூலிலிருந்து போனில் வந்துகொண்டே இருக்கிறது, அதை நிறுத்துவது எப்படி என்று உங்களில் பலர் கேட்டிருக்கிறீர்கள். நிறுத்துவது இரண்டு நிமிட வேலை. ஆனால் நீங்கள் கேட்டது ஒரு வரலாற்று வாத்தியாரிடம். கதை சொல்லாமல் விடமாட்டேன் என்பது என் வகுப்பில் உட்கார்ந்தவர்களுக்குத் தெரியும். அவசரம் உள்ளவர்கள் நேராகப் பதிவின் கடைசிக்குப் போகலாம். மற்றவர்கள் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள். பதிவு நீளம்தான்.

கேட்டவர்களில் சிலர் இன்னொன்றும் சொன்னார்கள். "அனுப்புவது எங்கள் அத்தை. நிறுத்தினால் அவருக்குத் தெரிந்துவிடுமோ? வருத்தப்படுவாரோ?" இந்தத் தயக்கம்தான் என்னை எழுத வைத்தது. நம் வாசலில் நிற்பது ஒரு வியாபாரம். அது அத்தையின் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவதால், அத்தையே வந்து நிற்கிறார் என்று நினைத்துக் கதவைச் சாத்தக் கூசுகிறோம். இந்தப் பழக்கம் யாரால், எப்போது, எதற்காக வந்தது என்று பார்ப்போம்.

முகநூல் 2004இல் அமெரிக்காவில் கல்லூரி மாணவர்களுக்காகத் தொடங்கியது. முதல் மூன்று ஆண்டுகள் அதில் விளையாட்டுத் தொல்லை கிடையாது. 2007 மே 24 அன்று சான் பிரான்சிஸ்கோ நகரில் நடந்த கூட்டத்தில் மார்க் ஸக்கர்பெர்க் ஒரு புதிய ஏற்பாட்டை அறிவித்தார். இனி வெளி நிறுவனங்களும் முகநூலுக்குள்ளேயே தங்கள் செயலிகளை நடத்தலாம் என்பது அந்த ஏற்பாடு. சாதாரண அறிவிப்பாகத் தெரியும். ஆனால் முகநூலிடம் இருந்த பெரிய சொத்து, யாருக்கு யார் நண்பர், யாருக்கு யார் உறவு என்ற கணக்கு. விளம்பரத்துக்குப் பணம் செலவழிக்காமல், ஒருவர் மூலமாக அவருடைய இருநூறு முந்நூறு நண்பர்களை எட்டும் வழி அன்றுதான் வியாபாரிகளுக்குத் திறந்தது.

அந்த வழியில் வேகமாக நுழைந்த நிறுவனம் ஸிங்கா. அதுவும் 2007இல் தொடங்கியதுதான். 2009 ஜூன் மாதம் அது 'ஃபார்ம்வில்' என்ற விவசாய விளையாட்டை வெளியிட்டது. உங்களில் பலர் அப்போது கல்லூரியில் இருந்தீர்கள். நினைவிருக்கும். 2010 தொடக்கத்தில் மாதத்துக்கு 8 கோடிப் பேருக்கு மேல் அதை ஆடினார்கள்.

அந்த விளையாட்டின் விதிகளை ஊன்றிப் பார்த்தால் அழைப்புகள் ஏன் வந்தன என்பது விளங்கும். ஸ்ட்ராபெரி விதைத்தால் நான்கு மணி நேரத்தில் விளையும். வந்து பறிக்காவிட்டால் வாடிப் போகும். ஆகவே ஆடுபவர் திரும்பத் திரும்ப வந்தாக வேண்டும். நிலத்தை விரிவாக்க வேண்டுமா? பக்கத்து நிலத்துக்காரர்களாக இத்தனை நண்பர்கள் சேர வேண்டும், இல்லையென்றால் பணம் கட்ட வேண்டும். வழிதவறி வந்த மாடு ஒன்று உங்கள் நண்பரின் தோட்டத்தில் நிற்கிறது, அதற்கு வீடு கொடுப்பீர்களா என்று எல்லோருக்கும் செய்தி போகும். நிஜ மாட்டை ஒருநாளும் கட்டாதவர்கள் அந்த மாட்டுக்காகக் கவலைப்பட்டார்கள்!

கவனியுங்கள். நண்பரை அழைப்பது அங்கே அன்பினால் நடக்கவில்லை. அழைக்காவிட்டால் விளையாட்டு நகராது, அல்லது காசு செலவாகும். அழைப்பு என்பது ஆடுபவர் பணத்துக்குப் பதிலாகச் செலுத்திய கட்டணம். அந்தக் கட்டணத்தின் சுமை வந்து விழுந்தது ஆடாதவர்கள் தலையில்.

அதே 2009 ஜூன் மாதத்தில் இன்னொரு நிகழ்வும் நடந்தது. செயலி மூடியிருந்தாலும் அதன் செய்தி திரையில் வந்து நிற்கும் வசதியை ஆப்பிள் நிறுவனம் ஐபோனுக்குக் கொண்டுவந்தது. அடுத்த ஆண்டு கூகுளும் ஆண்ட்ராய்டு போனுக்கு அதைச் செய்தது. அதுவரை நாம் கணினி முன் உட்கார்ந்தால்தான் அழைப்பைப் பார்ப்போம். அதன்பின் அழைப்பு நம் சட்டைப்பைக்கே வந்துவிட்டது.

இந்தச் சத்தத்துக்கு ஏன் இவ்வளவு சக்தி? இதை முன்பே ஆராய்ந்தவர் அமெரிக்க உளவியலாளர் ஸ்கின்னர். புறாக்களைக் கூண்டில் வைத்து, ஒரு பொத்தானைக் கொத்தினால் தானியம் விழும்படி செய்தார். ஒவ்வொரு முறையும் தானியம் கிடைத்தபோது, அது நின்றதும் புறா கொத்துவதையும் சீக்கிரமே நிறுத்திக்கொண்டது. எப்போது கிடைக்கும் என்றே தெரியாதபடி விட்டு விட்டுக் கொடுத்தபோது, புறா ஓயாமல் கொத்திக்கொண்டே இருந்தது. 1957இல் ஃபெர்ஸ்டர் என்பவருடன் சேர்ந்து இதைப் பெரிய நூலாகவே வெளியிட்டார். போன் மணி அடிக்கிறது. மகளின் செய்தியா, வங்கியின் செய்தியா, விளையாட்டு அழைப்பா? தெரியாது. தெரியாததனால்தான் எடுத்துப் பார்க்கிறோம்.

இந்தப் போக்கைக் கிண்டல் செய்யவே ஒருவர் ஒரு விளையாட்டை உருவாக்கினார். அவர் இயன் போகோஸ்ட், அப்போது ஜார்ஜியா தொழில்நுட்பக் கல்வி நிறுவனத்தின் பேராசிரியராக இருந்தவர். 2010 ஜூலையில் 'கவ் க்ளிக்கர்' என்று முகநூலில் வெளியிட்டார். ஒரு மாடு நிற்கும். ஆறு மணி நேரத்துக்கு ஒருமுறை அதைத் தொடலாம். அவ்வளவுதான் விளையாட்டு. நண்பர்களைச் சேர்த்துக்கொள்ளலாம், காத்திருக்கப் பிடிக்காவிட்டால் காசு கொடுக்கலாம். இது எவ்வளவு அபத்தம் என்று மக்கள் சிரித்துவிட்டுப் போவார்கள் என்று அவர் எதிர்பார்த்தார். 50,000 பேருக்கு மேல் உட்கார்ந்து ஆடினார்கள்! மனம் நொந்த அவர் 2011 செப்டம்பரில் எல்லா மாடுகளையும் மறைய வைத்தார். வெறும் தரைதான் மிஞ்சியது. அப்போதும் சிலர் மாடு நின்ற இடத்தைத் தொட்டுக்கொண்டிருந்தார்கள். என் வரலாற்றுப் பாடத்தில் இதைவிடச் சோகமான நகைச்சுவையை நான் நடத்தியதில்லை.

மக்கள் புகார் செய்யவில்லையா? செய்தார்கள். முகநூலும் கொஞ்சம் கொஞ்சமாகக் கதவைச் சாத்தியது. 2010 மார்ச்சில், விளையாட்டுகள் நம் அறிவிப்புப் பட்டியலுக்குள் தாமே செய்தி போடுவதை நிறுத்தியது. அதே ஆண்டு செப்டம்பரில், விளையாட்டுச் செய்திகள் ஆடாதவர்களின் பக்கத்தில் தெரியாதபடி மாற்றியது. ஆனால் நண்பர் பெயரில் வரும் அழைப்பை மட்டும் விட்டுவைத்தது.

ஏன் என்பதற்கு விடை அவர்கள் கணக்குப் புத்தகத்திலேயே இருக்கிறது. 2012இல் பங்குச் சந்தைக்கு வருமுன் முகநூல் அரசிடம் கொடுத்த ஆவணத்தில், 2011ஆம் ஆண்டு வருமானத்தில் 12 சதவீதம் ஸிங்கா என்ற ஒரே நிறுவனத்தால் வந்தது என்று கண்டிருக்கிறது. விளையாட்டுக்குள் மக்கள் செலவழித்த பணத்தில் 30 சதவீதம் முகநூலின் பங்கு. போதாக்குறைக்கு ஸிங்கா கொடுத்த விளம்பரங்கள். நூறு ரூபாயில் பன்னிரண்டைத் தருகிறவனுக்கு எந்தக் கடைக்காரன் கதவைச் சாத்துவான்?

அடுத்து வந்தது 'கேண்டி க்ரஷ்'. கிங் என்ற நிறுவனம் 2012 ஏப்ரலில் அதை முகநூலில் வெளியிட்டது. ஆண்டு முடிவதற்குள் போனுக்கும் வந்துவிட்டது. மிட்டாய்களை வரிசை சேர்க்கும் இந்த ஆட்டத்தில் ஐந்து உயிர்கள். ஒரு உயிர் போனால் திரும்பக் கிடைக்க அரை மணி நேரம் ஆகும். காத்திருக்கலாம், காசு கொடுக்கலாம், அல்லது நண்பரிடம் உயிர் கேட்கலாம். அடுத்த கட்டம் திறக்கவும் மூன்று நண்பர்கள் உதவ வேண்டும். "உயிர் கொடுங்கள்" என்று உங்கள் அத்தை கேட்ட காரணம் இதுதான். பாவம், அவர் சிக்கிக்கொண்ட இடத்தில் திரையில் நண்பர் பட்டியல் வந்திருக்கும். தொட்டிருப்பார். அது யார் யாருக்குப் போகிறது என்று எண்ணிப் பார்த்திருக்கமாட்டார்.

இந்தக் கதையில் நம் நாட்டுக்கும் ஓர் இடம் உண்டு. 2015 அக்டோபர் 28 அன்று ஸக்கர்பெர்க் டெல்லி ஐ.ஐ.டி.க்கு வந்து கேள்விகளுக்குப் பதில் சொன்னார். வருமுன் தம் பக்கத்தில் கேள்விகளை அனுப்பச் சொல்லியிருந்தார். மக்கள் அதிகமாக ஆதரித்த கேள்வி உலக சமாதானத்தைப் பற்றியது அல்ல, கேண்டி க்ரஷ் அழைப்பை நிறுத்துவது எப்படி என்பதுதான்! அவர் மறைக்காமல் பதில் சொன்னார். விளையாட்டே ஆடாதவர்களுக்கும் அழைப்பு அனுப்ப உதவும் பழைய ஏற்பாடு இன்னும் இருக்கிறது, அதை மூடுவதற்கு முன்னுரிமை தரவில்லை, இப்போது சரிசெய்யச் சொல்லியிருக்கிறேன் என்றார். மூடத் தெரியாமல் இல்லை, முன்னுரிமை தரவில்லை என்பதைக் கவனியுங்கள். அதற்குப் பின் ஒரு வாரத்துக்குள் கிங் நிறுவனத்தை 590 கோடி டாலருக்கு வாங்கப் போவதாக இன்னொரு நிறுவனம் அறிவித்தது. அத்தை கேட்ட உயிருக்கு விலை என்ன என்று இப்போது புரிகிறதா?

ஃபார்ம்வில் 2020 டிசம்பர் 31 அன்று மூடப்பட்டது. ஆனால் அது கற்றுக்கொடுத்த முறை எல்லாச் செயலிகளுக்கும் பரவிவிட்டது. "உங்களைக் காணவில்லையே", "இன்றைய பரிசு காத்திருக்கிறது" என்பவை எல்லாம் அதன் பேரப்பிள்ளைகள். பரிசு என்று கூப்பிடுவது பணம் வைத்து ஆடும் ஆட்டமாக இருந்தால் இன்னும் ஆபத்து. ஆன்லைன் ரம்மியில் பணத்தைத் தொலைத்து உயிரையே விட்டவர்களைப் பற்றி நம் மாநிலத்தில் எத்தனை செய்தி படித்தோம்! பணம் வைத்து ஆடும் ஆன்லைன் விளையாட்டுகளுக்கு எதிராக நாடாளுமன்றம் 2025 ஆகஸ்டில் சட்டம் இயற்றும் அளவுக்குப் போனது. அந்தப் படிக்கட்டின் முதல் படி ஒரு சின்ன மணிச் சத்தம்தான்.

"நான் டி.என்.டி.யில் பதிவு செய்திருக்கிறேனே, பிறகும் ஏன் வருகிறது?" என்று கேட்பவர்களுக்கு ஒரு விளக்கம். 2007இல் தொடங்கி, 2011 செப்டம்பரில் இறுக்கப்பட்ட அந்த ஏற்பாடு விளம்பரத் தொலைபேசி அழைப்புகளுக்கும் எஸ்.எம்.எஸ்.களுக்கும் உரியது. 1909 என்ற எண்ணில் பதிவு செய்கிறோமே, அதுதான். செயலிகளின் அறிவிப்பு இணையம் வழியாக வருவதால் அது இந்த வலையில் சிக்காது. அதற்குத் தாழ்ப்பாள் உங்கள் போனில்தான் இருக்கிறது. ஐபோன் தொடக்கத்திலிருந்தே, அறிவிப்பு அனுப்பலாமா என்று நம்மைக் கேட்டது. ஆண்ட்ராய்டு அப்படிக் கேட்கத் தொடங்கியது 2022இல் வந்த 13ஆம் பதிப்பில்தான். பழைய போன் வைத்திருக்கும் பெரியவர்களுக்கு அதிகம் வருவதற்கு இதுவும் ஒரு காரணம்.

இனி வழிமுறை.

1. அறிவிப்பு திரையில் வரும்போதே பிடியுங்கள். ஆண்ட்ராய்டில் அதன்மேல் விரலை அழுத்தி வைத்தால் அதை நிறுத்தும் வசதி வரும். ஐபோனில் அதை இடப்பக்கம் தள்ளி 'ஆப்ஷன்ஸ்' என்பதைத் தொடுங்கள்.

2. முகநூலுக்குள் மூன்று கோடுகளைத் தொட்டு, 'செட்டிங்ஸ்' பகுதியில் 'ஆப்ஸ் அண்ட் வெப்சைட்ஸ்' என்பதற்குள் செல்லுங்கள். 'கேம் அண்ட் ஆப் நோட்டிபிகேஷன்ஸ்' என்று இருப்பதை அணைத்துவிடுங்கள். பதிப்புக்குப் பதிப்பு பெயரும் இடமும் சற்று மாறும். செட்டிங்ஸ் பகுதியின் தேடல் பெட்டியில் 'கேம்' என்று தேடினால் கிடைக்கும்.

3. அதே இடத்தில், எப்போதோ முகநூல் கணக்கைக் கொடுத்து நுழைந்த பழைய விளையாட்டுகளின் பட்டியல் இருக்கும். வேண்டாதவற்றை நீக்குங்கள். உங்கள் பெயரில் மற்றவர்களுக்கு எதுவும் போகாமல் இருக்க இது முக்கியம்.

4. விளையாட்டுச் செயலியே போனில் இருந்தால், போனின் செட்டிங்ஸில் 'நோட்டிபிகேஷன்ஸ்' பகுதிக்குப் போய் அதன் பெயருக்கு நேரே அணைத்துவிடுங்கள்.

5. போனின் எல்லா அறிவிப்புகளையும் ஒட்டுமொத்தமாக அணைக்காதீர்கள். வங்கிச் செய்தியும் பிள்ளைகளின் செய்தியும் வர வேண்டும். அவை கூட்டத்தில் தொலையாமல் இருக்கத்தான் மற்றவற்றை நிறுத்துகிறோம்.

இதில் எதைச் செய்தாலும் அத்தைக்குத் தகவல் போகாது. அவர் உங்கள் நண்பர் பட்டியலில் அப்படியே இருப்பார். அவரைத் தயவுசெய்து 'அன்ஃபிரண்ட்' செய்யாதீர்கள். ஒரு மிட்டாய் ஆட்டத்துக்காக உறவை அறுத்துக்கொள்வது நியாயமில்லை. முடிந்தால் ஞாயிற்றுக்கிழமை அத்தைக்கு ஒரு போன் போட்டுப் பேசுங்கள். அவர் நிஜமாகவே உங்களைக் கூப்பிட நினைத்திருந்தால், அதற்கான பதில் அதுதான்.

செய்து பார்த்துவிட்டுக் கீழே எழுதுங்கள். எந்தப் படியில் நின்றுவிட்டீர்கள் என்று சொன்னால், தெரிந்த மாணவர்கள் மற்றவர்களுக்கு உதவுங்கள். பிள்ளைகள் போனிலும் ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

அனைவரும் நலமாக இருங்கள்.