அனர்த்த காலமும் நட்டஈட்டு உரிமையும்

ஊர் முழுவதற்கும் நேர்ந்த ஆபத்தைத் தடுத்தற்பொருட்டுத் தனியொருவனின் வீட்டையோ வண்டியையோ அரசாங்கம் கைக்கொள்ளலாமோ எனின், கொள்ளலாம் என்பதே சட்டத்தின் பழைய விடையாகும். அதனால் விளையும் நட்டத்தைச் சுமப்பவர் யார் என்பதே நெடுங்காலம் தீராதிருந்த வினாவாம்.

இங்கிலாந்தில் 1606ஆம் ஆண்டு தீர்க்கப்பட்ட வெடியுப்பு வழக்கில் நீதிபதிகள் இரு கொள்கைகளை எடுத்துரைத்தனர். வெடிமருந்திற்கு வேண்டிய உப்பைக் குடிகளின் நிலத்தில் அகழ்தற்கு மன்னனுக்கு உரிமை உண்டு. ஆயினும், அகழ்ந்த இடத்தை முன்போலச் செப்பனிட்டுக் கொடுத்தல் வேண்டும் என்பது ஒன்று. தீப்பற்றிய நகரைக் காத்தற்பொருட்டு அண்டை வீட்டை இடித்தல் குற்றமாகாது என்பது மற்றொன்று. முன்னையதில் உடைமையாளனுக்குப் பரிகாரம் உண்டு. பின்னையதிலோ, இடித்தவனுக்குப் பாதுகாப்பு உண்டேயன்றி, வீடிழந்தவனுக்கு யாதொன்றும் இல்லை.

இக்குறையின் விளைவை 1666ஆம் ஆண்டு இலண்டன் மாநகர் கண்டது. அவ்வாண்டு செப்டம்பர் 2ஆந் திகதி விடியுமுன் புடிங் ஒழுங்கையிலிருந்த வெதுப்பகமொன்றில் தீ மூண்டது. அக்காலத்தில் தீயைத் தடுத்தற்குச் சிறந்த வழி, அது செல்லும் திசையிலுள்ள வீடுகளை முன்னரே இடித்து வெளியாக்குதலே. நகரபிதாவாகிய சேர் தோமஸ் பிளட்வேர்த் தீயை முதலில் அற்பமாக மதித்தார். உடைமையாளர் சம்மதமின்றி வீடுகளை இடிக்கவும் தயங்கினார். மீளக் கட்டும் செலவு யாரைச் சாரும் என்னும் அச்சமே அத்தயக்கத்திற்கு ஏதுவாயிற்றென வரலாற்றாசிரியர் கூறுவர். வீடுகளை இடிக்குமாறு இரண்டாம் சார்ள்ஸ் மன்னன் பிறப்பித்த ஆணையைச் சாமுவேல் பீப்ஸ் கொண்டு சென்றபோது, இடிப்போரை முந்தித் தீ விரைந்துகொண்டிருந்தது. நான்கு நாட்களில் ஏறக்குறைய 13,200 வீடுகளும் 87 கோவிற்பற்றுத் தேவாலயங்களும் சாம்பராயின.

நகரை மீளக் கட்டியபோது, வீதிகளை அகலமாக்க எடுத்த நிலத்திற்கு நிலக்கரி வரிப் பணத்திலிருந்து ஈடு கொடுக்கப் பாராளுமன்றம் சட்டம் இயற்றியது. ஆறுதலாக ஆலோசித்து எடுத்த நிலத்திற்கு ஈடு கிடைத்தது. அவசரத்தில் இடிக்கும் வீட்டிற்கோ பழைய விதியே நின்றது.

அவ்விதி கடல் கடந்து அமெரிக்காவிற்குஞ் சென்றது. 1849ஆம் ஆண்டு டிசம்பர் 24ஆந் திகதி சான் பிரான்சிஸ்கோ நகரில் தீ பரவியபோது, நகரத் தலைவரான ஜோன் கீரி ஒரு வீட்டை வெடிமருந்தால் தகர்ப்பித்தார். உடைமையாளர் வழக்குத் தொடுத்தனர். 1853இல் கலிபோர்னிய உயர் நீதிமன்று, பொதுத் தேவையை முன்னிட்டுச் செய்த அச்செயலுக்குக் கீரி பொறுப்பாளியல்லர் எனத் தீர்த்தது. எனினும், இத்தகைய அழிவுக்கு ஈடு வழங்கும் முறையை வகுத்தல் சட்டசபையின் பணி எனவும் அந்நீதிமன்று சுட்டிக்காட்டியது. நீதிமன்றின் எல்லை எவ்விடத்தில் முடிகின்றது, சட்டசபையின் கடமை எவ்விடத்தில் தொடங்குகின்றது என்பதை அத்தீர்ப்பு தெளிவாக்கிற்று.

அக்கடமையை அண்மைக் காலத்தில் ஏற்ற நாடுகளுள் இந்தியாவும் ஒன்று. 2004ஆம் ஆண்டின் ஆழிப்பேரலைக்கு மறு ஆண்டில் இயற்றப்பட்ட அனர்த்த முகாமைத்துவச் சட்டத்தின் 65ஆம் பிரிவு, மீட்புப் பணிக்காகக் கட்டடங்களையும் வாகனங்களையும் எடுக்க அதிகாரம் அளித்தது. 66ஆம் பிரிவு அவற்றிற்கு ஈட்டை விதித்தது. கட்டடத்திற்கு அவ்விடத்து வாடகை அளவாகும். அதனால் இருப்பிடமோ தொழிலிடமோ மாற நேரின் அச்செலவுஞ் சேரும். வாகனத்திற்கு அவ்வூர் வாடகை விகிதமே அளவாகும். வாகனம் தவணைக் கொள்வனவில் பெறப்பட்டதாயின், உரிமையாளனுக்கும் அதனை வைத்திருந்தவனுக்கும் தொகை பகிரப்படும். ஈட்டுத்தொகை போதாதெனக் கருதுவோர் 30 நாட்களுள் நடுத்தீர்ப்பிற்கு விண்ணப்பிக்கலாம்.

நட்டஈடு நிவாரணப் பணிக்குத் தடையென எண்ணுவாரும் உளர். இலண்டன் மாநகரின் வரலாறு இதற்கு மாறானதையே காட்டுகின்றது. ஈடு இன்னதென முன்னரே வகுக்கப்பட்டிருப்பின், கட்டளையிடும் அதிகாரி தயங்கான். வண்டியைக் கொடுப்பவனும் ஒளித்து வைக்கான். வாடகை வண்டி ஒன்றாற் பிழைப்பவனிடம் பத்து நாள் வண்டியை எடுப்பது, அவன் குடும்பத்தின் பத்து நாள் உணவை எடுப்பதாகும். பலரைக் காக்க ஒருவன் இழந்ததை அப்பலரும் பகிர்ந்து ஈடுசெய்தலே நீதி. அந்நீதியை அனர்த்தம் வருமுன் சட்டமாக்கி வைத்தலே அரசின் கடனாம்.