‘வயது வந்தோர்க்கு மட்டும்’: ஒரு முத்திரையின் கதை

‘வயது வந்தோர்க்கு மட்டும்’ என்று சுவரொட்டியில் கண்டால் பெண்கள் தலைகுனிந்து நடந்த காலம் உண்டு. ஆனால், அந்த ‘ஏ’ முத்திரையைப் பெற்ற முதல் தமிழ்ப் படம் எது தெரியுமா? எம்.ஜி.ஆர். நடித்து 1951-இல் வெளிவந்த ‘மர்மயோகி’! அதில் ஆபாசம் ஏதுமில்லை. பேய் உருவம் தோன்றும் காட்சிகளுக்காகவே அந்த முத்திரை குத்தப்பட்டது.

கோலசிலாங்கூர், பத்தாங் பெர்ஜுந்தை வட்டாரத் தோட்டங்களின் திடலில் வெள்ளைத் திரை கட்டிப் படம் காட்டிய நாட்களை மூத்த நேயர்கள் மறந்திருக்க மாட்டார்கள். பாட்டி முதல் பால்குடிப் பிள்ளை வரை பாய் விரித்து உட்கார்ந்திருப்பார்கள். வயதைக் கேட்க அங்கே வாசலும் இல்லை, டிக்கெட் கிழிப்பவரும் இல்லை. பிள்ளையின் கண்ணை மூடும் அம்மாவின் முந்தானைதான் தணிக்கை வாரியம்!

இந்தியாவில் ‘யு’, ‘ஏ’ என்ற பிரிவு 1949-இல் சட்டத் திருத்தத்தின் வழி வந்தது. பெரியவர்கள் பேச வேண்டியதைப் பெரியவர்களுக்குச் சொல்ல அது ஒரு வழியாக இருந்திருக்கலாம். கே.ஏ.அப்பாஸ் பம்பாயின் விலைமாதர் தெருவைத் தம் ஆவணப்படத்தில் காட்டினார். ‘யு’ மறுக்கப்பட்டதும் உச்ச நீதிமன்றம் சென்றார். 1970-இல் வந்த தீர்ப்பு, தணிக்கை செல்லும் என்றது. ஆனால், பாலியலைப் பேசுவதெல்லாம் ஆபாசமாகிவிடாது என்றும் தெளிவுபடுத்தியது.

கே.பாலசந்தரின் ‘அரங்கேற்றம்’ (1973) அந்த வகையில் துணிந்த படம். பெரிய குடும்பத்தைக் காக்க உடலை விற்கும் ஒரு மூத்த மகளின் கதை. மலையாளத்தில் ஐ.வி.சசியின் ‘அவளுடெ ராவுகள்’ (1978) படமும், தம்பியைப் படிக்க வைக்கும் ஒரு விலைமாதின் துயரத்தைத்தான் சொன்னது. ஆனால், சட்டை மட்டும் அணிந்த சீமாவின் சுவரொட்டிதான் பலர் மனத்தில் நின்றது. கதை பின்னே போக, உடம்பு முன்னே வந்தது.

பிலிப்பீன்சிலும் இதே கூத்துதான். 1970-இல் ‘உஹாவ்’ படத்தையொட்டி ‘போம்பா’ படங்கள் பெருகின. 1972-இல் இராணுவச் சட்டம் வந்து அவற்றை அடக்கியது. உடனே நாயகியை நீரில் நனைத்துக் காட்டும் உத்தி பிறந்தது. நம் படங்களின் மழைப் பாடல்கள் உங்கள் நினைவுக்கு வருகின்றனவா?

தமிழில் கவர்ச்சி நுழைந்தது குடும்பப் படங்களின் வாசல் வழியாகத்தான். ‘வண்டிச்சக்கரம்’ (1980) தந்த சில்க் ஸ்மிதாவின் நடனம், தேசிய விருது பெற்ற ‘மூன்றாம் பிறை’யிலும் (1982) இருந்தது. இயக்கியவருக்குப் பாராட்டு, ஆடியவருக்கு ஏச்சு. 1996-இல் அவர் மறைந்த பிறகுதான் பலரும் அவர் நடிப்பைப் பேசினார்கள். 2000-இல் ‘கின்னாரத் தும்பிகள்’ மூலம் புகழ்பெற்ற ஷகிலாவுக்கும் இதே நிலைதான்.

நம் நாட்டுத் தணிக்கை வாரியம் ஒரு காலத்தில் ‘18’ என்பதையே நான்காகப் பிரித்திருந்தது. பயங்கரத்துக்கும் வன்முறைக்கும் 18எஸ்ஜி, பாலியல் காட்சிக்கு 18எஸ்எக்ஸ் எனத் தனித்தனி முத்திரை. பேய்ப்படம் எது, படுக்கையறைப் படம் எது என்று வாசலிலேயே தெரிந்துவிடும். ‘மர்மயோகி’க்கு அந்தச் சலுகை கிடைக்கவில்லை. இன்று இங்கே அந்த எழுத்துகள் போய் 12, 13, 16, 18 என வயது எண்கள் வந்துவிட்டன. இந்தியாவும் 2024-இல் ‘யுஏ’வை 7, 13, 16 என்று பிரித்திருக்கிறது.