சிறைமுகாமில் எழுந்த சொல்லில்லாப் பாட்டு



திங்கட்கிழமை சபைகூடலில், "நேராக நில்! ஒன்றாகப் பாடு!" என்று மாணவர்களை அதட்டுபவன் நான். ஒரு வரலாறு என் குரலைத் தாழ்த்தியது.

1942 ஜனவரியில் ஜப்பானியப் படை எங்கள் மெர்சிங்கை அடைந்தது. பிப்ரவரி 15-இல் சிங்கப்பூர் வீழ்ந்தது. அந்நாள்களில் சிங்கப்பூரிலிருந்து கப்பலேறித் தப்ப முயன்ற பெண்கள் பலர் பிடிபட்டு, சுமத்ராவின் பாலெம்பாங் முகாமில் அடைக்கப்பட்டனர். நாள்தோறும் அவர்கள் வரிசையில் நின்று, காவலர்முன் தலைவணங்கி, எண்ணப்பட்டனர்.

அவர்களுள் மார்கரெட் டிரைபர்க் சிங்கப்பூரில் ஆசிரியப்பணி ஆற்றியவர். நோரா சேம்பர்ஸ் லண்டனில் இசை பயின்றவர். மேனாட்டு இசைக்கோவைகளை டிரைபர்க் நினைவிலிருந்தே எழுதினார். இருவருமாக அவற்றைப் பெண்குரல்களுக்கேற்ப நான்காகப் பகுத்தனர். இசைக்கருவிகள் இல்லை. ஆங்கிலேயரும் டச்சுக்காரரும் கலந்திருந்ததால் பொதுமொழியும் இல்லை. எனவே, சொற்களின்றிக் குரலே கருவியாயிற்று. 1943 டிசம்பர் 27-இல் ஏறத்தாழ 30 பெண்கள் பாடினர். தடுக்க விரைந்த காவலரும் நின்று கேட்டனர்.

பின்னர், பசியும் நோயும் பாடியோர் பலரின் உயிரைப் பறித்தன. 1945 ஏப்ரலில் டிரைபர்க்கும் மறைந்தார். இசைத்தாள்கள் மட்டும் பிழைத்தன.

எண்ணப்படும்போதும் வரிசை; பாடும்போதும் வரிசை. முன்னதில் ஒவ்வொருவரும் ஓர் எண். பின்னதில் ஒரு குரல் குறைந்தாலும் இசை குறையும்.

நம் பிள்ளைகளை எந்த வரிசையில் நிறுத்துகிறோம்? சிந்திப்போம்.