சந்தியா சூரி

பிரிட்டனில் பிறந்த இந்திய வம்சாவளி ஆவணப்பட இயக்குநர். 2005இல் வந்த 'ஐ ஃபார் இந்தியா' இவருக்குப் பெயர் வாங்கித் தந்தது. அதன் காட்சிகளில் பெரும்பகுதியை எடுத்தவர் அவரல்ல, அவருடைய தந்தை. 1965இல் இங்கிலாந்து போன மருத்துவர் யஷ்பால் சூரி, சூப்பர் 8 கேமரா, புரொஜெக்டர், ஒலிப்பதிவுக் கருவி ஆகியவற்றை இரண்டிரண்டாக வாங்கி, ஒரு செட்டை இந்தியாவிலிருந்த குடும்பத்துக்கு அனுப்பினார். கடிதத்துக்குப் பதிலாகப் படச்சுருளும் ஒலிநாடாவும் பல ஆண்டுகள் போய்வந்தன. 1980களில் குடும்பத்தோடு ஊர் திரும்பிப் பார்த்தார். நிலைக்கவில்லை, மறுபடி இங்கிலாந்து. பின்னாளில் மகள்களில் ஒருவர் ஆஸ்திரேலியாவுக்குக் கிளம்ப, தன் பெற்றோர் பட்ட பிரிவு யஷ்பாலுக்கே வந்து சேர்கிறது. படத்தின் மிக வலுவான பகுதி இதுதான். கதைப்படத்துக்கு வந்த சந்தியாவின் 'சந்தோஷ்' 2024 கான் விழாவில் திரையிடப்பட்டது.