அறச்சொத்தும் அடைத்த வேலியும்

ஒரகடம் சாலையின் இருமருங்கும் இன்று ஆலைகள் ஓங்கி நிற்கின்றன. அதன் அண்டையிலுள்ள வடக்குப்பட்டில் 2022ஆம் ஆண்டு இந்தியத் தொல்லியல் துறையினர் அகழ்ந்தபோது, கற்கருவிகளும் பழங்கால மட்கலங்களும் வெளிப்பட்டன. மண்ணுக்குக் கீழே வரலாறு. மண்ணுக்கு மேலேயோ விலை! வானம் பார்த்துக் கிடந்த புன்செய் இன்று சென்ட் கணக்கில் பேரம் பேசப்படுகிறது. விலை ஏறும்போது, வேலியும் நகரத் தொடங்கும். உரியவன் இருக்கும் நிலத்தில் வேலி நகர்ந்தால் கூச்சல் எழும். சத்திரத்துக்கும் பள்ளிக்கும் தண்ணீர்ப் பந்தலுக்கும் என்றோ ஒருவர் எழுதி வைத்த நிலத்தில் நகர்ந்தால், கேட்பார் யார்? ஊருக்கெல்லாம் சொந்தமான பொருள், ஒருவருக்கும் சொந்தமில்லாத பொருளாகிவிடுகிறது. இதுதான் அறச்சொத்தின் அவலம்.

அபகரிப்பவன் இரவிலே சுவரேறிக் குதிப்பவன் என்று நாம் எண்ணிக்கொண்டிருக்கிறோம். வரலாறு காட்டுவது வேறு. சாவி எவர் கையிலே இருந்ததோ, அவரிடமிருந்தே பொருளை மீட்க வேண்டி வந்தது!

பச்சையப்பரின் கதையைப் பாருங்கள். துபாஷித் தொழிலில் பெருஞ்செல்வம் ஈட்டிய அவர், 1794இல் உயில் எழுதி வைத்து மறைந்தார். செல்வம் அறத்துக்கு என்றார். அறமா நடந்தது? வழக்கு நடந்தது! பொறுப்பேற்றோரிடமிருந்து பொருளை மீட்கச் சென்னைச் சுப்ரீம் கோர்ட்டின் படிகளை ஏற வேண்டியதாயிற்று. அட்வகேட் ஜெனரல் ஜார்ஜ் நார்ட்டன் முன்னின்று உழைத்தார். பெருகியிருந்த தொகையில் ஒரு பகுதி கல்விக்கெனத் திருப்பப்பட்டு, பள்ளி திறக்கப்பட்டது 1842இல். உயிலுக்கும் பள்ளிக்கும் இடையே 48 ஆண்டுகள்! இரண்டு தலைமுறைப் பிள்ளைகள் படித்திருக்க வேண்டிய காலம். பின்னர் கல்லூரியாக வளர்ந்த அந்நிலையத்திலேதான் அறிஞர் அண்ணா பயின்றார். மீட்கப்பட்ட பணம் என்ன செய்யும் என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ?

சட்டம் தூங்கிக் கிடந்ததா? இல்லை, தாமதமாக விழித்தது. நீதிக்கட்சி ஆட்சியில், பனகல் அரசர் காலத்தில், 1925இல் இந்து அறநிலையச் சட்டம் வந்தது. கோயிற் பணத்துக்குக் கணக்குக் கேட்பதா என்று வைதிகர் வெகுண்டனர். 1927இல் அச்சட்டம் மீண்டும் இயற்றப்பட்டது. 1929இல் காலவரையறைச் சட்டம் திருத்தப்பட்டு, அறச்சொத்தை நிர்வகிப்பவர் அதன் தருமகர்த்தாவாகவே கொள்ளப்படுவார் என்றாயிற்று. அதன் பொருள் பெரிது: தன் பொறுப்பிலிருந்த சொத்தைத் தனதாக்கிக்கொண்டவர், ஆண்டுகள் பல ஓடிவிட்டன என்று கூறித் தப்ப முடியாது. ஆனால், அவரிடம் விலை கொடுத்து வாங்கியவருக்கு 12 ஆண்டுக் கெடு எனும் கேடயம் இருந்தது. ஊர் உறங்கினால், கெடு முடிந்துவிடும்!

வாடகைக்கு வந்தவர் கதை இன்னொன்று. பிறர் மனையை வாடகைக்குப் பிடித்து வீடு கட்டிக்கொண்ட எளியோரைக் காக்க 1922இல் நகரக் குடியிருப்போர் பாதுகாப்புச் சட்டம் வந்தது. வெளியேற்ற முனைந்தால், நீதிமன்றம் குறிக்கும் விலைக்கு மனையை வாங்கிக்கொள்ள அது வழி செய்தது. எளியோருக்கென வைத்த வாசலில் வலியோரும் நுழைந்தனர். 1996இல் தமிழ்நாடு சட்டமன்றம், எம்மதத்தைச் சேர்ந்ததாயினும் சமய நிறுவனங்கள், சமய அறங்களின் மனைகளுக்கு அந்தச் சலுகை இல்லை என்று திருத்தியது. அதை எதிர்த்து வழக்காடியது குடிசைவாசியா? மயிலாப்பூர் கிளப்! 2005இல் உச்ச நீதிமன்றம் திருத்தம் செல்லும் என்று தீர்ப்பளித்தது.

இங்கே ஒன்றைத் தெளிவாகச் சொல்ல வேண்டும். அறநிலத்தை உழுது வாரம் அளக்கும் ஏழை ஆக்கிரமிப்பாளன் அல்லன். பொது அறநிலையங்களின் விவசாய நிலத்தை உழுவோரைக் காக்க 1961இல் தனிச் சட்டமே உண்டு. ஏர் பிடித்தவனை விரட்டிவிட்டு, ஏப்பம் விட்டவனுக்குக் குத்தகை எழுதுவது மீட்பு ஆகாது. அது இரண்டாம் முறை நடக்கும் திருட்டு!

பூசை செய்தால் சொத்து மீளாது, புலம்பினாலும் மீளாது. பத்திரம் பேசும், பட்டா பேசும், வில்லங்கச் சான்று பேசும். 2005ஆம் ஆண்டின் தகவல் உரிமைச் சட்டம், அரசு அலுவலகப் பேரேட்டைப் புரட்டிக் காட்டச் சொல்லும் உரிமையைப் பத்து ரூபாய்க் கட்டணத்தில் நமக்கு அளிக்கிறது. ஊர்தோறும் படித்த இளைஞர் நால்வர் கூடி, நம் ஊரில் அறத்துக்கென எழுதப்பட்ட நிலம் எது, அது இன்று எவர் பெயரில் உள்ளது, வருமானம் எங்கே போகிறது என்று மூன்றே கேள்விகளைக் கேட்கட்டும்.

கொடுத்தவர் போய்விட்டார்; கேட்க வேண்டியவர் நாம். கெடு முடியுமுன் கேட்போம்!