டிரைவர் ஃபைல் மிஸ்ஸிங்னு கம்ப்யூட்டர் சொல்லுதா? ஃபார்மேட் பண்றதுக்கு முன்னாடி இதைப் படிங்க!

நேற்று வரை நன்றாக ஓடிய லேப்டாப்பில் இன்று வைஃபை ஐகானையே காணோம். இல்லையென்றால் ஸ்பீக்கரில் சத்தம் வரவில்லை. சில நேரம் விண்டோஸே ஓபன் ஆகாமல் நீலத் திரை வந்து நிற்கும். "ஃபார்மேட் பண்ணாதான் சரியாகும்" என்று யாராவது சொல்வார்கள். அவசரப்பட வேண்டாம். டிரைவர் ஃபைல் போனால் உங்கள் போட்டோக்களும் ஆவணங்களும் போய்விட்டதாக அர்த்தம் இல்லை.

டிரைவர் என்றால் என்ன?

விண்டோஸுக்கும் வைஃபை, பிரிண்டர், கிராபிக்ஸ் கார்டு போன்ற கருவிகளுக்கும் நடுவே பேசும் மொழிபெயர்ப்பாளர்தான் டிரைவர். இந்த ஃபைல்களின் பெயர் பெரும்பாலும் 'டாட் எஸ்ஒய்எஸ்' என்று முடியும். பல டிரைவர்கள் விண்டோஸின் மையப் பகுதியான கெர்னலில் இயங்குவதால், ஒன்றில் பிழை வந்தாலும் மொத்த கம்ப்யூட்டரும் நின்றுவிடலாம். 2024 ஜூலை 19-ல் கிரவுட்ஸ்டிரைக் பாதுகாப்பு மென்பொருளுக்கு வந்த தவறான அப்டேட்டை அதன் டிரைவர் படித்தபோது இதுதான் நடந்தது. சுமார் 85 லட்சம் கம்ப்யூட்டர்கள் பாதிக்கப்பட்டதாக மைக்ரோசாஃப்ட் கணக்கிட்டது.

ஏன் காணாமல் போகிறது?

பாதியில் நின்ற அப்டேட், வைரஸ் தாக்குதல், ஹார்ட் டிஸ்க் கோளாறு, புதிதாக விண்டோஸ் போட்ட பிறகு டிரைவர் போடாமல் விட்டது ஆகியவை பொதுவான காரணங்கள்.

எந்த டிரைவர் என்று கண்டுபிடிப்பது எப்படி?

ஸ்டார்ட் பட்டனில் ரைட் கிளிக் செய்து 'டிவைஸ் மேனேஜர்' திறங்கள். மஞ்சள் எச்சரிக்கைக் குறி இருக்கும் கருவியை டபுள் கிளிக் செய்தால் ஒரு கோடு எண் தெரியும். 28 என்றால் டிரைவர் போடப்படவே இல்லை. 39 என்றால் டிரைவர் கெட்டிருக்கலாம் அல்லது காணாமல் போயிருக்கலாம். நீலத் திரையில் ஃபைல் பெயர் தெரிந்தால் மொபைலில் போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள்.

சரி செய்வது எப்படி?

1. விண்டோஸ் அப்டேட்டில் 'அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸ்', 'ஆப்ஷனல் அப்டேட்ஸ்' பகுதியைப் பாருங்கள். தேவையான டிரைவர் அங்கேயே இருக்கலாம்.

2. அங்கே இல்லையென்றால் லேப்டாப் நிறுவனத்தின் சொந்த இணையதளத்தில் மாடல் எண்ணைக் கொடுத்து டவுன்லோடு செய்யுங்கள்.

3. வைஃபை டிரைவரே போய்விட்டால்? ஆண்ட்ராய்டு போனை கேபிளில் இணைத்து 'யுஎஸ்பி டெதரிங்' ஆன் செய்தால் பெரும்பாலும் இன்டர்நெட் கிடைத்துவிடும்.

4. விண்டோஸின் சொந்த ஃபைல் கெட்டிருந்தால், கமாண்ட் பிராம்ப்ட்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து 'எஸ்எஃப்சி' என டைப் செய்து, ஒரு இடைவெளி விட்டு, சாய்கோடு போட்டு, 'ஸ்கேன்நவ்' என ஆங்கிலத்தில் கொடுங்கள். பிற நிறுவனங்கள் கொடுத்த டிரைவர்களை இது சரி செய்யாது.

விண்டோஸ் ஓபனே ஆகவில்லையா?

தொடர்ந்து சில முறை ஸ்டார்ட் ஆகாமல் போனால் ரிப்பேர் திரை தானாகவே வரும். அதில் 'ஸ்டார்ட்அப் ரிப்பேர்', 'சிஸ்டம் ரீஸ்டோர்', 'சேஃப் மோட்' ஆகியவற்றை முயற்சி செய்யலாம். அப்போது 48 இலக்க பிட்லாக்கர் ரெகவரி கீ கேட்டால், மொபைல் பிரவுசரில் உங்கள் மைக்ரோசாஃப்ட் கணக்கைத் திறந்து பாருங்கள். பலருக்கு அது அங்கேதான் சேமிக்கப்பட்டிருக்கும்.

இதை மட்டும் செய்யாதீங்க!

காணாமல் போன ஃபைலின் பெயரை இன்டர்நெட்டில் தேடி, ஏதோ ஒரு தளத்திலிருந்து அந்த ஒற்றை ஃபைலை மட்டும் இறக்கிப் போடக் கூடாது. அது வேறு பதிப்பாக இருக்கலாம், அதற்குள் வைரஸும் இருக்கலாம். கெர்னலில் இயங்கும் ஃபைல் என்பதால், அதை உள்ளே விடுவது வீட்டுச் சாவியையே முன்பின் தெரியாதவரிடம் கொடுப்பது மாதிரி. 'உங்கள் டிரைவர் பழசு' என்று பயமுறுத்தும் விளம்பரங்களையும் நம்ப வேண்டாம்.

சரி செய்த பிறகும் வேறு வேறு ஃபைல்கள் தொடர்ந்து கெட்டுப்போனால் டிஸ்க்கே பழுதாகத் தொடங்கியிருக்கலாம். அப்போது முதல் வேலை பேக்கப். சர்வீஸ் கடைக்குக் கொண்டு போனாலும், "டேட்டாவை எடுத்து வெச்சிட்டு அப்புறம் ஃபார்மேட் பண்ணுங்க" என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள்.